ஒன்றரை நிமிடப் பாட்டு

எங்கள் பேண்டின் பெயர் அட்டை.
ஒட்டும்போது தெரியாது, உதிர்ந்த பிறகுதான் ரத்தம் என்று
கேட்டவர்களுக்கெல்லாம் போஜன் விளக்கம் சொல்வான்.
அவள் சொல்ல மாட்டாள்.
மைக்கைக் கடிக்கிற தூரத்தில் வைத்துக் கத்துவாள்.

ஞானஸ்நானப் பெயர் அமலோற்பவம்,
நோட்டீஸில் வெறும் பவம்.
டான்டீ லைனில் பதினோராம் நம்பர் வீடு.
அப்பா அட்டனிலிருந்து கப்பலேறி வந்தவர்.
இந்த மலை அந்த மலை மாதிரி இல்லை என்பதை
இருபது வருடமாக
மலையிடமே சொல்லிக்கொண்டிருந்தவர்.

குன்னூரில் மூடிக்கிடந்த ஒரு ஆலையில்,
இலை புளிக்கவைக்கும் கூடத்தில், பழகினோம்.
மூன்று கார்டு.
நான்காவது எனக்குத் தெரியாது,
தேவையில்லை என்றாள்.
அரவங்காட்டுச் சங்கு ஊதும்போது
அதே சுருதியைப் பிடித்துக்கொண்டு ஆரம்பிப்பாள்.
சங்கு நின்றுவிடும்.

'தராசு' பாட்டு ஒன்றரை நிமிடம்:
தண்ணிக்கு ரெண்டு கிலோ
சாக்குக்கு ஒரு கிலோ
மிச்சம் எவனுக்கு
மிச்சம் எவனுக்கு.
அவ்வளவுதான் வரி. மீதியெல்லாம் தொண்டை.

தொண்ணூற்றொன்பது மே, கோடைவிழா.
நாய்க் கண்காட்சிக்கும் மாறுவேடப் போட்டிக்கும் நடுவில்
பத்து நிமிடம் கொடுத்தார்கள்.
இரண்டாவது பாட்டில் கரண்டைப் பிடுங்கினார்கள்.
கரண்ட் இல்லாமலும் கேட்டது.
கூட்டத்திலிருந்து யாரோ
வேகவைத்த சோளக்கதிரை வீசினார்கள்.
பிடித்து, ஒரு கடி கடித்துவிட்டு,
விட்ட வரியிலிருந்து தொடர்ந்தாள்.

அறுபது கேசட் போட்டோம்.
நாற்பத்தொன்று பரணில் இருக்கிறது,
பூஞ்சை கேட்டுக்கொண்டிருக்கிறது.

பெங்களூரில் ஒரு ராத்திரி
மேடையிலிருந்து என் ஆம்பை உதைத்துத் தள்ளினாள்.
மார்வாடியிடம் வட்டிக்கு வாங்கிய ஆம்ப்.
பாட்டுக்குத் தேவையாக இருந்தது என்றாள்.
மறுநாள் காலை அவள் சென்னை ரயிலில்.
நானும் போஜனும் பாதி டிரம்மோடு
மேட்டுப்பாளையத்தில் இறங்கி
டீ குடித்தோம். அவன் அழுதான். நான் சில்லறை எண்ணினேன்.

பிறகு நான் மோட்டார் வைண்டிங்.
அவள் தனி ஆல்பம்.
அட்டையில் (பேண்ட் அல்ல, காகித அட்டை)
முகத்தைத் திருப்பிக்கொண்டு நின்றாள்,
முழுப்பெயர் போட்டிருந்தது.
வாங்கினேன். இரண்டு வருடம் கேட்கவில்லை.
கேட்டபோது
ஒரு கிதார், ஒரு மூச்சு.
பக்குவம் என்று பத்திரிகைகள் எழுதின.
கோயம்புத்தூரில் ஆபரேஷன்,
குரல்நாணில் கடலைப்பருப்பு அளவு முடிச்சு,
இனிமேல் கத்தக் கூடாது என்று டாக்டர்.
பக்குவத்துக்கு இப்படியும் ஒரு பெயர் உண்டு.

போன பிப்ரவரியில் கோத்தகிரி சர்ச் ஹாலில் கச்சேரி.
எண்பது நாற்காலி.
சவுண்ட் வாடகைக்கு என்னைத்தான் கூப்பிட்டிருந்தார்கள்,
அவளுக்குத் தெரியாது.
வயரைத் தாண்டி வந்தவள் நின்றாள்.
நரைத்த கிராப்பு, கழுத்தில் மஃப்ளர்.
"ஆம்ப் எவ்வளவு?"
"பதினாலாயிரம். வட்டி தனி."

கடைசியாக 'தராசு' பாடினாள்.
ஏழு நிமிடம்.
தண்ணிக்கு என்றுவிட்டுக் காத்திருந்தாள்.
நான்கு அடி.
சாக்குக்கு என்றுவிட்டுக் காத்திருந்தாள்.
நான்கு அடி.
அது என் பாஸ் வருகிற இடம்.
விரல் மிக்ஸர் மேல் சும்மா இருக்கவில்லை,
அந்த இடைவெளியின் வால்யூமை
கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றினேன்.
தகரக் கூரையில் பனி சொட்டுவதும்
பின்வரிசையில் ஒருவர் இருமுவதும்
பெரிதாகக் கேட்டன.

லைனிலிருந்து வந்திருந்த பெண்கள்
அரைநாள் கூலியை விட்டுவிட்டு வந்தவர்கள்.
முடிந்ததும் ஒருத்தி எழுந்தாள்:
"முந்தி கத்துனீங்களே,
அப்பதான் எங்களுக்குப் புரிஞ்சுச்சு."
ஹால் சங்கடப்பட்டது.
அவள் மைக்கை விட்டு இறங்கிப் போய்
அந்தப் பெண்ணின் காதில் என்னவோ சொன்னாள்.
என்ன என்று இருவரும் இன்றுவரை சொல்லவில்லை.
அந்தப் பெண் மட்டும் வாயைப் பொத்திக்கொண்டு
வெகுநேரம் சிரித்தாள்.

வயரைச் சுருட்டும்போது ஒரு உறை கொடுத்தாள்.
வீட்டுக்கு வந்து எண்ணினேன்.
பதினோராயிரம்.

தண்ணிக்கு ரெண்டு, சாக்குக்கு ஒன்று.